புகை இருந்தவரை இருந்த லைக்கன்

கேள்வி: "மரத்தில் லைக்கன் படர்ந்திருந்தால் அந்த ஊர்க் காற்று சுத்தம் என்று பள்ளியில் படித்தோம். ஆனால் இங்கிலாந்தில் நிலக்கரிப் புகை மண்டிக்கிடந்த காலத்தில்தான் ஒரு லைக்கன் ஊரெல்லாம் படர்ந்திருந்ததாகவும், காற்று சுத்தமானதும் அது காணாமல் போனதாகவும் கேள்விப்பட்டேன். உண்மையா? அப்படியென்றால் பள்ளியில் படித்தது தப்பா?"

உண்மைதான். அதன் பெயர் லெகனோரா கோனிசயாய்டிஸ். பள்ளியில் படித்ததும் தப்பில்லை, ஒரு சொல் மட்டும் விட்டுப்போயிருக்கிறது. "லைக்கன் இருக்கிறதா?" என்று கேட்டால் போதாது, "எந்த லைக்கன்?" என்று கேட்க வேண்டும். அதைக் கேட்காமல் 1960களின் மான்செஸ்டருக்கோ லண்டன் புறநகருக்கோ போயிருந்தால், மரத்தண்டைப் பார்த்துவிட்டு "பச்சையாகப் படர்ந்திருக்கிறதே, நல்ல காற்றுதான்" என்று சொல்லியிருப்போம், இருமிக்கொண்டே.

முதலில் ஆளை அடையாளம் பார்த்துக்கொள்வோம். செட்டிநாட்டு மசாலாவில் சேர்க்கும் கல்பாசி எல்லாருக்கும் தெரியும். அதுவும் லைக்கன்தான், அதாவது பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் கூட்டு; இலைபோல் விரிந்து, ஓரம் சுருண்டு, பிய்த்தால் கையோடு வருகிற வகை. நாம் பேசுவது பொருக்கு வகை. புண் ஆறும்போது தோலில் பொருக்குத் தட்டுமே, அதுபோல மரப்பட்டையோடு பட்டையாக ஒட்டிக்கிடக்கும். நகத்தால் சுரண்டினால் பட்டையும் சேர்ந்துதான் வரும். நிறம் சாம்பல் கலந்த மங்கலான பச்சை. தொட்டால் வழவழப்பு இருக்காது. ரவையைத் தூவிவிட்டதுபோல் பொரிப்பொரியாக இருக்கும், மேலே மாவு உதிரும். நடுநடுவே ஒரு மில்லிமீட்டர்கூட வராத சின்னத் தட்டுகள், வெளிறிய பழுப்பிலோ பச்சை கலந்த மஞ்சளிலோ. ஒவ்வொரு தட்டையும் சுற்றி லைக்கன் உடலின் நிறத்திலேயே ஒரு விளிம்பு. பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் இருந்தால் இதெல்லாம் நன்றாகவே தெரியும்.

அந்தத் தட்டுகளில்தான் பூஞ்சையின் வித்துகள் உருவாகின்றன. உதிரும் மாவு வேறு சமாசாரம். அதன் ஒவ்வொரு துகளிலும் பூஞ்சை இழையும் பாசிச் செல்லும் சேர்ந்தே இருக்கும். வித்து பறந்துபோய் விழுந்தால், பூஞ்சை அங்கே தனக்கேற்ற பாசியைத் தேடிப் பிடித்தாக வேண்டும். மாவுத்துகள் விழுந்தால் தேட வேண்டியதில்லை, குடித்தனம் கையோடு வந்துவிட்டது. லைக்கன்களில் பெரும்பாலானவை இந்த இரண்டு வழிகளில் ஏதாவது ஒன்றைத்தான் முக்கியமாக நம்பியிருக்கும். இது இரண்டையும் தாராளமாக வைத்துக்கொண்டிருக்கிறது. காலியான மரங்கள் கிடைத்தபோது இவ்வளவு வேகமாகப் பரவியதற்கு இதுவும் ஒரு காரணம்.

பார்த்தும் சந்தேகம் தீரவில்லையென்றால் பாராஃபினிலின்டையமீன் கரைசலை ஒரு துளி வைத்துப் பார்ப்பார்கள். உடனே ஆரஞ்சாகி, செங்கல் நிறத்துக்குப் போகும். உள்ளே ஃபியூமர்புரோட்டோசெட்ராரிக் அமிலம் இருப்பதற்கு அது அடையாளம். இந்தச் சோதனையை 1934இல் லைக்கன் ஆய்வுக்குக் கொண்டுவந்தவர் ஜப்பானின் யாசுஹிகோ அசாஹினா. வீட்டில் செய்து பார்க்காதீர்கள். அந்த மருந்து தோலுக்கு ஆகாது.

பெயர் வைத்த கதையைச் சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. இந்தப் பெயர் 1885இல் அச்சேறியது. பெயரை யோசித்தவர் வில்லியம் நைலாண்டர், பின்லாந்தில் பிறந்து பாரீசில் வாழ்ந்தவர். அதை முறையாக வெளியிட்டவர் ஜேம்ஸ் கிராம்பி, ஸ்காட்லாந்துக்காரர், பாதிரியார். லைக்கன் என்பது ஒரே உயிர் இல்லை, பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழும் கூட்டு என்று சுவிட்சர்லாந்தின் சைமன் ஷ்வெண்டனர் 1867இல் சொன்னபோது, கடுமையாக எதிர்த்தவர்களில் இந்த இருவரும் உண்டு. கிராம்பி 1874இல் எழுதிய கட்டுரையில், சிறைப்பட்ட பாசிக் கன்னிக்கும் கொடுங்கோலனான பூஞ்சை எஜமானனுக்கும் நடக்கும் இயற்கைக்கு ஒவ்வாத உறவா இது என்று கிண்டலே அடித்திருக்கிறார். ஷ்வெண்டனர் சொன்னது சரியென்று பிற்பாடு எல்லாருக்கும் தெரிந்தது.

நைலாண்டர் இன்னொரு விதத்திலும் இந்தக் கதைக்குள் வருகிறார். பாரீசின் லக்சம்பர்க் பூங்காவில் அவர் முப்பதுக்கு மேற்பட்ட லைக்கன்களைப் பதிவுசெய்தார். நகரத்தின் மற்ற இடங்களில் அவை இல்லாததைக் கவனித்து, காற்று எவ்வளவு ஆரோக்கியமானது என்பதை லைக்கனை வைத்தே அளக்கலாம் என்று 1866இல் எழுதினார். நீங்கள் பள்ளியில் படித்த பாடத்தின் வேர்களில் ஒன்று அந்தக் கட்டுரை. அந்த அளவுகோலைத் தலைகீழாகப் பிடிக்க வைக்கும் லைக்கனுக்கும் அவரே பெயர் வைத்தார் என்பதுதான் வேடிக்கை.

சரி, புகை வந்தால் லைக்கன் ஏன் சாகிறது? நிலக்கரியில் கந்தகம் இருக்கிறது. எரித்தால் கந்தக டை ஆக்சைடு வரும். ஈரத்தில் கரைந்தால் அமிலமாகும். மரத்தின் இலைக்கு மேலே மெழுகுப் பூச்சு உண்டு, திறந்து மூடும் இலைத்துளை உண்டு. இலை கெட்டுப்போனால் உதிர்த்துவிட்டு அடுத்த பருவத்தில் புதிது விடலாம். லைக்கனுக்கு இது ஒன்றும் கிடையாது. வேர் இல்லை, மழை, பனி, மூடுபனி எதுவானாலும் உடம்பு முழுவதாலும் பஞ்சுபோல் உறிஞ்சிக்கொள்ளும். சாப்பாடும் அந்த வழி, நஞ்சும் அந்த வழி. கரைந்து உள்ளே போன கந்தகம் பாசியின் பச்சையத்தைக் கெடுக்கிறது, ஒளிச்சேர்க்கை தடைப்படுகிறது. பாசி சமைக்காவிட்டால் பூஞ்சை பட்டினி. மெதுவாக வளர்ந்து பல்லாண்டு வாழ்கிற உயிர் என்பதால் விட்டுப்போன இடத்தைச் சட்டென்று பிடித்துக்கொள்ளவும் முடியாது. தாடிபோல் தொங்குபவை முதலில் போகும், இலைபோல் விரிந்தவை அடுத்து, பொருக்குகள் பொதுவாகக் கடைசியில். காற்றில் நீட்டிக்கொண்டிருக்கும் பரப்பு குறையக் குறையத் தாக்குப்பிடிக்கும் காலம் கூடும்.

பொருக்குகளிலும் மற்றவை போன பிறகு இது மட்டும் நின்றதே, அதற்கு என்ன காரணம்? எனக்குப் பிடித்த பதில் தண்ணீரைப் பற்றியது. இந்த லைக்கனின் மேற்பரப்பில் நீர் ஒட்டாது. 2006இல் வெளிவந்த ஓர் ஆய்வில் இதன்மேல் நீர்த்துளி வைத்துப் பார்த்தார்கள். துளி பரவாமல் முத்தாக நின்றது. தொடுகோணம், அதாவது துளியின் ஓரம் பரப்போடு செய்யும் கோணம், 150 பாகைக்கு மேல். தாமரை இலைத் தண்ணீர் என்கிறோமே, ஏறக்குறைய அந்த நிலை. நுண்ணிய மேடுபள்ளமும் நீரை ஒதுக்கும் பொருட்களும் சேர்ந்து செய்கிற வேலை அது. மழை பெய்தாலும் நீர்ப்படலம் மூடிக்கொள்ளாது, இடுக்குகள் வழியே காற்று போய்வரும், ஒளிச்சேர்க்கையும் தொடரும். கந்தக டை ஆக்சைடு கரைந்து உள்ளே வர நீர் வேண்டும். அந்த நீரையே வாசலில் நிறுத்திவிடுகிறது. மற்ற லைக்கன்கள் பஞ்சு என்றால் இது எண்ணெய் தடவிய துணி.

இன்னொரு காரணம் அமிலம். இதற்கு அமிலப்பட்டை பிடிக்கும். பைன், பிர்ச் மரங்களின் பட்டை இயல்பிலேயே அமிலம் மிகுந்தது. ஆஷ், எல்ம் மரங்களின் பட்டையில் அமிலம் குறைவு. ஆஷ் மரத்திலும் எல்ம் மரத்திலும் ஒரு காலத்தில் வேறு லைக்கன்கள் ஏராளமாக இருந்தன. புகை நூறாண்டுக்கு மேல் பொழிந்து எல்லா மரத்தின் பட்டையையும் பைன் பட்டைபோல் ஆக்கிவிட்டது. அங்கே குடியிருந்த லைக்கன்களும் செத்துப்போயின. இதற்கோ திடீரென்று ஊரிலிருக்கும் அத்தனை மரமும் சொந்த வீடாகிவிட்டது, போட்டிக்கும் ஆளில்லை. மரம் மட்டுமா? மரவேலி, செங்கல் சுவர், மணற்கல் என்று எங்கும் ஏறியது.

அப்படியென்றால் புகைக்கு முன்னால் இது எங்கே இருந்தது? இதைப் பற்றி லைக்கன் ஆட்களிடையே நீண்டகாலமாகப் பேச்சு உண்டு. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் மிக நுணுக்கமாகச் சேகரித்தவர்களின் மாதிரிகளில் இது இல்லை. அந்த நூற்றாண்டின் பிற்பாதியிலிருந்துதான் கிடைக்கிறது, பிறகு எண்ணிக்கை ஏறிக்கொண்டே போகிறது. நடு ஐரோப்பாவின் மலைகளில், சதுப்பு நிலங்களில் வளரும் குட்டைப் பைன்களில் ஒளிந்திருந்தது என்பது ஒரு கருத்து. கந்தகம் கக்கும் எரிமலை நாடான ஐஸ்லாந்திலிருந்து வந்திருக்கலாம் என்பது இன்னொன்று. எனக்குக் குட்டைப் பைன் கட்சிதான் நம்பும்படி இருக்கிறது. அமிலப்பட்டை அங்கே ஏற்கெனவே தயாராக இருந்தது. எரிமலை வரை போக வேண்டிய தேவை தெரியவில்லை.

உச்சகாலம் என்றால் 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி. 1952 டிசம்பர் 5 முதல் 9 வரை லண்டனைப் புகைமூட்டம் மூடியது. ஏறக்குறைய 4,000 பேர் இறந்ததாக அப்போது கணக்கிட்டார்கள். பிற்கால ஆய்வுகள் 12,000 வரை சொல்கின்றன. அதன் விளைவாக 1956இல் தூய காற்றுச் சட்டம் வந்தது. வீட்டு அடுப்புகளில் புகை கக்கும் நிலக்கரியை எரிப்பதற்குக் கட்டுப்பாடு வந்தது. ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: மின் நிலையங்கள் நிலக்கரியை எரித்துக்கொண்டேதான் இருந்தன, உயரமான புகைபோக்கிகளோடு. நகரத்தின் தலையில் இறங்கிய கந்தகம் நாட்டுப்புறம் முழுக்கப் பரவலாயிற்று. பிரிட்டன் வெளியிட்ட கந்தக டை ஆக்சைடு உச்சம் தொட்டது 1970ஐ ஒட்டித்தான், ஆண்டுக்கு 60 லட்சம் டன்னுக்கு மேல். நம் லைக்கனும் கந்தகத்தோடு சேர்ந்து கிராமத்துக்குப் போயிற்று.

அதே 1970இல் டேவிட் ஹாக்ஸ்வொர்த்தும் ஃபிரான்சிஸ் ரோசும் 'நேச்சர்' இதழில் ஓர் அளவுகோலை வெளியிட்டார்கள். இங்கிலாந்து, வேல்ஸ் மரத்தண்டுகளைப் பார்த்து, கருவி இல்லாமலே குளிர்காலக் கந்தக டை ஆக்சைடு அளவை மதிப்பிடலாம். மொத்தம் 0 முதல் 10 வரை மண்டலங்கள். நகர நடுவிலிருந்து வெளியே நடந்துபோவதாக நினைத்துக்கொள்ளுங்கள். 0வது மண்டலத்தில் தண்டு வெறுமை. 1வது மண்டலத்தில், கன மீட்டருக்கு 170 மைக்ரோகிராமுக்கு மேல் கந்தக டை ஆக்சைடு இருக்கும் இடத்தில், பச்சைத் தூள் போன்ற பாசி மட்டும். லைக்கன் எதுவும் இல்லை. 150ஐ ஒட்டிய 2வது மண்டலத்தில் முதல் லைக்கன் தலைகாட்டும், அதுவும் தண்டின் அடிவாரத்தில் மட்டும். நம் ஆள்தான். 125ஐ ஒட்டி வந்தால் அது தண்டில் மேலே ஏறிவிடும். 70ஐ ஒட்டி இறங்கினால்தான் இலை வடிவ லைக்கன்கள் அடியில் தொற்றத் தொடங்கும். அங்கிருந்து மற்றவை ஒவ்வொன்றாகச் சேரச் சேர, இது பின்வாங்கும். 10வது மண்டலத்தில் தாடி லைக்கன்களும் லொபேரியா என்ற அகன்ற இலை லைக்கனும் தொங்குகிற பழைய காடுகள்; அங்கே இதைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். ஓர் ஒப்பீட்டுக்கு: இந்தியாவில் கந்தக டை ஆக்சைடுக்கு ஆண்டுச் சராசரி வரம்பு 50 மைக்ரோகிராம். 150 என்றால் எப்படி மூச்சு முட்டியிருக்கும் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இந்த அளவுகோலில் உங்கள் கேள்விக்கான பதில் முழுதும் இருக்கிறது. இந்த லைக்கன் புகையைத் தின்று வளரவில்லை. 170ஐத் தாண்டினால் இதுவும் செத்துப்போகும். எல்லாரும் ஓடிய பிறகும் எட்டும் தூரம்வரை நின்றது, அவ்வளவுதான். இது தண்டில் தனியாக நிறைந்திருந்தால் காற்று மிக மோசம் என்று பொருள். நாலைந்து வேறு லைக்கன்களோடு ஓரமாக இருந்தால் நிலைமை தேறுகிறது என்று பொருள். ஒரே லைக்கன், பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்பதைப் பொறுத்து சேதி மாறுகிறது. 1970களின் தொடக்கத்தில் பிரிட்டனில் பள்ளிப் பிள்ளைகளை ஆயிரக்கணக்கில் இறக்கி, மரங்களையும் சுவர்களையும் பார்க்க வைத்து, நாடு தழுவிய காற்று மாசு வரைபடமே போட்டார்கள். பிள்ளைகளுக்கு அதிகம் தட்டுப்பட்டவற்றில் இதுவும் ஒன்று.

பிறகு வீழ்ச்சி. நிலக்கரி போய் எரிவாயு வந்தது, மின் நிலையங்களில் கந்தகம் பிடிக்கும் கருவிகள் வந்தன, தொழிற்சாலைகள் மூடப்பட்டன. 2020 வாக்கில் ஆண்டு வெளியீடு 2 லட்சம் டன்னுக்குக் கீழே போய்விட்டது. தென்கிழக்கு இங்கிலாந்தில் ஓக் மரங்களை 21 ஆண்டுகள் திரும்பத் திரும்பப் பார்த்த ஓர் ஆய்வு 2001இல் வந்தது. அதன் தலைப்பிலேயே லெகனோரா கோனிசயாய்டிசின் இழப்பு என்று போட்டிருந்தார்கள். நெதர்லாந்திலும் ஜெர்மனியிலும் இதே கதை. ஐரோப்பாவில் மிகப் பரவலாக இருந்த லைக்கன்களில் ஒன்று, ஒரு தலைமுறைக் காலத்தில் தேட வேண்டிய பொருளாகிவிட்டது.

மற்றவை திரும்பி வந்து இதைத் துரத்திவிட்டன என்றுதான் எல்லாரும் முதலில் நினைப்பார்கள். ஆனால் வேறு எதுவும் வந்து சேராத வெறும் பட்டையிலும் இது உதிர்ந்துபோனது. 2011இல் ஜெர்மானிய ஆய்வாளர்கள் ஒரு விளக்கம் தந்தார்கள்: பட்டையின் பி.எச். (அமிலம் குறையக் குறைய ஏறும் அளவு) சிறிதளவு உயர்ந்தாலே போதும், இது மடியத் தொடங்குகிறது. கந்தகம் நின்றதும் மழை பட்டையைக் கழுவிவிட்டது; அமிலம் குறைந்தது; வீடு போயிற்று. இதில் நோயும் சேர்ந்துகொண்டது. ஆதீலியா அராக்னாய்டியா என்று ஒரு பூஞ்சை, சிலந்திவலைபோல் வெண்மையாக, இந்த லைக்கனைக் கொன்றபடியே வட்டவட்டமாகப் பரவும். உள்ளே செத்துப்போன வெள்ளை, ஓரத்தில் வலை, வெளியே இன்னும் உயிரோடிருக்கும் பச்சை. தேமல் படர்ந்த தோல் மாதிரி இருக்கும். பட்டைப்பேன்கள் வேறு இதை மேய்ந்து தின்னும். ஒரே இனம் மைல் கணக்கில் பரவிக்கிடந்தால் தின்னவும் தொற்றவும் வருகிறவர்களுக்குக் கொண்டாட்டம்தானே.

உயிரியல் பாடத்தில் அந்துப்பூச்சி கதை படித்திருப்பீர்கள்: புகை வந்து லைக்கன் செத்தது, தண்டு கறுத்தது, வெள்ளைப்பூச்சி பறவை கண்ணில் பட்டது, கறுப்புப்பூச்சி பெருகியது. கதையின் சாரம் சரி. ஆனால் "லைக்கன் செத்தது" என்ற வரியை நம் ஆளை மறந்துவிட்டு எழுதியிருக்கிறார்கள். புகை மண்டிய பல இடங்களில் தண்டுகள் வெறும் கறுப்பாக இல்லை, மங்கல் பச்சையாக இருந்தன. காற்று தேறியபோது, பழைய லைக்கன்கள் கண்ணில் படும் அளவுக்குத் திரும்புவதற்கு முன்பே வெளிர்நிறப் பூச்சிகள் பெருகத் தொடங்கிய இடங்களும் உண்டு. லிவர்பூலுக்கு அருகே விர்ரல் (Wirral) என்ற தீபகற்பத்தில் 1959 முதல் பூச்சி பிடித்து எண்ணியவர்கள் கவனித்தது அது. பாடப்புத்தகப் படத்தில் காட்டும் கறுப்பு–வெள்ளைத் தண்டுகளைக் கொஞ்சம் சந்தேகத்தோடு பாருங்கள்.

இன்று அதே இங்கிலாந்து நகரங்களின் மரங்களில் லைக்கன் நிறைய இருக்கிறது. ஆரஞ்சு நிற சாந்தோரியா, சாம்பல் நிறப் பிசியா. பார்க்க அழகு. "லைக்கன் திரும்பிவிட்டது, காற்று சுத்தம்" என்று எழுதுகிறவர்களும் உண்டு. அங்கேயும் அதே கேள்விதான்: எந்த லைக்கன்? இவை நைட்ரஜன் விரும்பிகள். வாகனப் புகையின் நைட்ரஜன் ஆக்சைடும், மாட்டுப் பண்ணைகளிலிருந்தும் உரமிட்ட வயல்களிலிருந்தும் எழும் அமோனியாவும் இவற்றுக்குத் தீனி. கந்தகம் போனது உண்மை, வேறொன்று வந்திருக்கிறது.

நம் ஊருக்கு இதைப் பொருத்திப் பார்க்கலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். ஹாக்ஸ்வொர்த்–ரோஸ் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு சென்னை வேப்பமரத்தைச் சுற்றி வருவதில் பயனில்லை. அது இங்கிலாந்தின் இனங்களுக்கும் அந்தக் குளிருக்கும் ஈரத்துக்கும் போட்ட கணக்கு. நம் சமவெளி மரத்தில் லைக்கன் குறைவாக இருப்பதற்கு வெயிலும் வறட்சியும் பட்டை உரியும் வேகமும்கூடக் காரணமாக இருக்கலாம். இங்கே கைகொடுப்பது இன்னொரு முறை: லைக்கனுக்குள் என்ன சேர்ந்திருக்கிறது என்று வேதிமுறையில் அளப்பது. கொடைக்கானலில் பாதரச வெப்பமானித் தொழிற்சாலையால் காற்றில் கலந்த பாதரசத்தை அப்படித்தான், லைக்கனையும் மரத்தில் வளரும் மாஸ் (moss) செடிகளையும் எடுத்து அளந்து, 2003இல் ஓர் ஆய்வுக்கட்டுரையில் காட்டினார்கள்.

லெகனோரா கோனிசயாய்டிசை நேரில் பார்க்க ஆசையென்றால், பிரிட்டனுக்குப் போகும்போது நகரப் பூங்காக்களில் நேரத்தை வீணாக்க வேண்டாம். மேட்டுப்பகுதிகளில் லார்ச், பைன் தோப்புகளுக்குப் போங்கள். பிர்ச் கிளைகளையும், இற்றுப்போன பழைய மரவேலிகளையும் பாருங்கள். நான் பார்த்தது ஒரு லார்ச் மரத்தின் கீழ்க்கிளையில், ரூபாய் நாணயம் அளவு ஒரு திட்டு. பாட்டிலிலிருந்து ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டேன். ஒட்டாமல் உருண்டு கீழே விழுந்தது.